வினையும் பாராமுகமும்

பிறர் படுந்துயரைக் கண்டவிடத்து, "அஃது அவரவர் வினை" எனக் கூறி அப்பாற் செல்லுதல் சைவருக்கு அடுக்குமோ என்பதே ஈண்டு ஆராயற்பாலது.

1934ஆம் ஆண்டிலே பசில் ரைற் என்னும் ஆங்கிலேயர், இலங்கைத் தேயிலைப் பிரசார சபையின் பொருளுதவி கொண்டு, 'இலங்கைக் கீதம்' என்னும் சிறு திரைப்படத்தை எடுத்தனர். சிவனொளிபாத மலையேறும் யாத்திரிகரும் கண்டிய நடனமும் அதிற் காணலாம். கண்டி இராச்சியத்திலே ஏறக்குறைய 20 ஆண்டு சிறையிருந்த றொபேட் நொக்ஸ் 1681இல் வெளியிட்ட நூலின் வசனங்களை அதன் உரையிலே கேட்கலாம். நமது கருத்தைக் கவர்வது அதன் மூன்றாம் பகுதியே. திரையிலே கொழுந்து பறிக்கும் பெண்கள் தோன்றுவர். செவியிலோ சந்தை விலைகளும் வாணிகச் செய்திகளும் ஒலிக்கும். விலை கூறுங் குரல் கூடை சுமப்பவளைக் காண்பதில்லை. தேயிலை விற்கும் பொருட்டு எடுத்த படத்தில் இஃது அமைந்தது வியப்பே. பாராமுகம் இன்னதென்பதை இதனினுந் தெளிவாகக் காட்டல் அரிது.

அப்பெண்களின் முன்னோர் வந்த வரலாறு கண்டியில் வாழும் நமக்குப் புதிதன்று. கண்டிக்கு அணித்தாய லூல்கந்துரையில் 1867இல் தேயிலை பயிரிடப்படுதற்கு முன்னரே, கோப்பித் தோட்டங்களை நாடித் தமிழகத்தார் மன்னார்க் கரையினின்றும் மாத்தளை வழியாக நடந்து வந்தனர். நோயாலும் பசியாலும் வழியில் மாய்ந்தோர் பலர். 1948ஆம் ஆண்டுப் பிரசாவுரிமைச் சட்டம் அவர் மரபினருட் பெரும்பாலோரை நாடற்றோராக்கிற்று. அக்குறையை நீக்கும் சட்டங்கள் 2003 வரை நீண்டன. இவற்றையெல்லாம் அறிந்தும் "அவர் ஊழ்" என்று அமைதலை ஆசிரியர் அறைகளிலும் நாம் கேட்டதுண்டு.

நாம் பயின்ற பாதிரிமார் பள்ளியிலே, வினைக்கோட்பாடு நெஞ்சைக் கல்லாக்கும் என்பர். மறுமொழி நம் நூல்களில் உண்டு. நம் ஒழுக்கத்தில் உண்டோ என்பதே வினா. கொடிமாடச் செங்குன்றூரில் அடியார்களைக் குளிர்சுரம் வருத்தியபோது, ஞானசம்பந்தப் பிள்ளையார் அதனை வினையென்று விட்டாரல்லர். திருநீலகண்டப் பதிகம் பாடித் தீர்த்தருளினார். வினையின் இயல்பை அவர் அறியாதவரோ? வினைப்பயனை அளந்து ஊட்டுவோன் இறைவன். தன் துன்பத்திற்கு ஒருவன் "என் வினை" என்று கூறின் அது பொறுமை. அயலான் துன்பத்திற்கு அதனையே கூறின், கூறியவனுக்கே ஆகாமியம் ஏறும்.

லயத்துப் பிள்ளை மூன்று நாள் வாராவிடின், இடாப்பிலே குறியிட்டு அடுத்த பெயரை அழைக்கின்றோம். அக்குரலும் விலை கூறுங் குரலை ஒத்ததன்றோ? பிள்ளை வாராமைக்குப் பிராரத்தம் எவ்வளவு காரணம் என்பது நம்மால் அறியலாவதன்று. தாய் காய்ச்சலாய்க் கிடக்கத் தம்பியைப் பார்க்க வேறொருவருமில்லை என்பது, மாலையில் லயத்துக்கு நடந்து சென்றால் அறியலாவது.