கட்டைகளின் உலகுக்குக் கடவுள் யார்?

படைத்தவன் இல்லாமல் உலகு உண்டா என்ற கேள்வி, கல்லடியில் நான் உயர்தர வகுப்புக்குப் பௌதிகவியல் படிப்பித்த காலம் முழுக்கப் பின்வாங்கிலிலிருந்து வந்துகொண்டே இருந்தது. இப்போது வீட்டுக்குள்ளேயே வந்துவிட்டது. மகளின் மகன் ரொப்ளொக்ஸ் என்ற கணினி விளையாட்டில் கட்டைகளை அடுக்கி வாவியும் பாலமும் கட்டிவிட்டு, "அம்மப்பா, இது நான் படைச்ச உலகம்" என்கிறான். "கட்டையை ஆர் தந்தது மனே?" என்று கேட்டேன். "கம்பனிக்காரர்" என்றான். "அப்ப அவங்களை ஆர் தந்தது?" என்று அவனே திருப்பியும் கேட்டான்.

கம்பனிக்காரரின் கதை ஒரு பௌதிகவியல் பாடத்தில் தொடங்குகிறது. அமெரிக்காவில் டேவிட் பசூக்கி 1989இல் 'இன்டரக்டிவ் பிசிக்ஸ்' என்ற மென்பொருளைக் கொண்டுவந்தார். நெம்பு, கப்பி, சாய்தளம் எல்லாவற்றையும் கணினித் திரையில் வரைந்து இயங்க விடலாம். மாணவர்கள் வீட்டுப்பாடத்தோடு நிற்கவில்லை. காரோடு காரை மோதவிட்டார்கள், கட்டடங்களைக் கட்டிச் சரித்தார்கள். 1998இல் அந்த மென்பொருளின் கம்பனி 2 கோடி டொலருக்கு விலைபோனது, ஆனால் அந்தக் குறும்பு பசூக்கியின் மனதைவிட்டுப் போகவில்லை. உடன் வேலைசெய்த எரிக் கசலைச் சேர்த்துக்கொண்டு 2004இல் 'டைனாபிளொக்ஸ்' என்று தொடங்கியதுதான், பெயர் மாறி 2006இல் எல்லாருக்கும் திறந்த ரொப்ளொக்ஸ். முதலில் சில விளையாட்டுகளைக் கம்பனியே செய்து வைத்தது. பிறகு செய்யும் கருவியையே பிள்ளைகளின் கையில் கொடுத்துவிட்டது.

சைவ சித்தாந்தம் படித்தவருக்கு இந்தக் கொடை பழக்கமானது. குடத்துக்கு மண் முதற்காரணம், சக்கரம் துணைக்காரணம், குயவன் நிமித்த காரணம் என்பது நம் பாடம். சிவன் சூனியத்திலிருந்து உலகை எடுப்பதில்லை. என்றும் உள்ள மாயையைக்கொண்டு தனு, கரணம், புவனம், போகம் என்ற நான்கையும் உயிர்களுக்குத் தருகிறான், அவை வினையை நுகர்ந்து பக்குவப்படட்டும் என்று. பேரனின் திரையிலும் இந்த நான்கும் உண்டு: அவனுக்கு ஓர் உருவம், கட்டக் கருவி, நிற்க நிலம், விளையாடிப் பெறும் இன்பம்.

ஆனாலும் பசூக்கியையும் கசலையும் பதி, அதாவது இறைவன், என்று சொல்ல முடியாது. அவர்கள் தந்த விதிகள் இரவல். விளையாட்டில் புவியீர்ப்பின் அளவைப் பிள்ளை கூட்டலாம், குறைக்கலாம், ஆனால் விழுதல் என்பதை நியூட்டனிடமிருந்துதான் எடுத்தார்கள். எங்கள் ஊர் விபுலானந்த அடிகள் செய்ததும் இப்படித்தான். அவர் விஞ்ஞானப் பட்டதாரி. வழக்கொழிந்த யாழைக் கணக்கால் மீட்டு 1947இல் 'யாழ் நூல்' தந்தார். சுரங்களின் விகிதத்தை அவர் படைக்கவில்லை, கண்டெடுத்தார். மனிதப் படைப்பின் எல்லை அவ்வளவுதான்.

இன்னொன்று, கசல் 2013இல் புற்றுநோயால் காலமானார். அவர் எழுதிய உலகம் அவர் இல்லாமலே ஓடுகிறது. மெய்கண்டார் சிவஞானபோதத்தின் முதற் சூத்திரத்திலேயே, ஒடுக்குபவனே முதல்வன் என்று நிறுவுகிறார். எல்லாம் ஒடுங்கிய பின்னும் நிற்பவன் எவனோ அவனிடமிருந்தே எல்லாம் மீண்டும் தோன்ற முடியும். தன் படைப்புக்கு முன்னே போய்விடுபவர் நம்மைப்போல் ஒரு பசு, அதாவது கட்டுண்ட உயிர்தான். பேரனின் கேள்வி ஒடுங்காமல் நிற்பவனிடம் போய்த்தான் நிற்க வேண்டும். வாவிக்கு மேற்கே, படுவான்கரையின் கொக்கட்டிச்சோலையில் நாம் கும்பிடுபவரும் தான்தோன்றீஸ்வரர், யாரும் செய்து வைக்காதவர்.

எனக்குப் பெரிதாகப் படும் வேறுபாடு, தருபவருக்குத் தேவை உண்டா இல்லையா என்பது. ரொப்ளொக்ஸில் சட்டை, தொப்பி வாங்க ரொபக்ஸ் என்ற நாணயம் வேண்டும். அதற்கு அசல் காசு போகிறது. 2021இலிருந்து கம்பனி பங்குச் சந்தையிலும் இருக்கிறது. வருமானம் இல்லாவிட்டால் அந்த உலகம் அணைந்துவிடும். உயிர்களிடம் எதுவும் வேண்டாதவன் தரும்போதுதான் அதை அருள் என்கிறோம்.

பிள்ளை "நான் படைச்சேன்" என்று சொன்னால் மறுக்காதீர்கள். இரண்டு கேள்வி மட்டும் கேளுங்கள்: இந்த இடத்தை ஆர் தந்தது, தந்தவருக்கு உன்னிடம் என்ன வேணும்? முதற் கேள்வி அவனைச் சமயத்துக்குக் கூட்டிப்போகும். இரண்டாவது உங்கள் கைக்காசைக் காப்பாற்றும்.