மடியில் விழுந்த சேறு

பல்லி சொன்னால் தரையை விரலால் தட்டுகிற வழக்கம் எனக்கு இன்னும் போகவில்லை. ஆகவே சகுனத்தைக் கேலி செய்யும் யோக்கியதை எனக்கில்லை. ஆனாலும் ரோமாபுரிப் பேரரசன் வெஸ்பாசியனின் கதையைப் படிக்கும்போதெல்லாம் ஒன்று உறுத்துகிறது: அரசனைத் தெய்வம் தேர்ந்தெடுக்கிறதா, ஜெயித்தவனுக்குத் தெய்வத்தைச் சாட்சிக்கு இழுக்கிறோமா?

வெஸ்பாசியன் பெரிய இடத்துப் பிள்ளையல்ல. அப்பா வரி வசூலித்தவர். நகரத் தெருக்களைக் கவனிக்கும் பதவியில் அவன் இருந்தபோது, தெருக்கள் அசுத்தமாகக் கிடந்ததைக் கண்டு கொதித்த அன்றைய பேரரசன் காலிகுலா, சேற்றை அள்ளி அவன் அங்கி மடியில் கொட்டச் சொன்னான். அன்று அது அவமானம். அவன் பேரரசனான பிறகு வரலாற்றாசிரியர் சூட்டோனியஸ் அதையே நற்சகுனமாக எழுதிவைத்தார்: மிதிபட்ட நாடு இவன் மடியில் அடைக்கலம் புகும் என்பதற்கு அடையாளமாம்! அவனுக்குச் சற்று முன் பேரரசனான கல்பாவுக்கும் நற்சகுனங்கள் உண்டு; ஆனாலும் ஆட்சிக்கு வந்து ஏழே மாதத்தில், கி.பி. 69 ஜனவரியில், தலை போனது.

அதே ஆண்டு ஜூலையில் அலெக்சாந்திரியாவில் படைகள் வெஸ்பாசியனைப் பேரரசன் என்று அறிவித்தன. பின்னர் அவன் அந்நகரில் தங்கியிருந்தபோது, சேராபிஸ் தெய்வம் அனுப்பியதாகச் சொல்லிக்கொண்டு இருவர் வந்தார்கள். பார்வை போனவன் எச்சிலைக் கண்ணில் தடவச் சொன்னான். கை முடங்கியவன் காலால் மிதிக்கச் சொன்னான். வெஸ்பாசியன் முதலில் சிரித்தான். பிறகு வைத்தியர்களை அழைத்து, இவை குணமாகக்கூடியவையா என்று விசாரித்தான். ஆகலாம் என்றார்கள். பலித்தால் புகழ் உங்களுக்கு, பலிக்காவிட்டால் கேலி அந்த இருவருக்கு என்றும் சொன்னார்கள். அற்புதத்துக்கு முன்னால் மருத்துவக் கருத்துக் கேட்ட மனிதனை எனக்குப் பிடித்துத்தான் போகிறது. அந்தப் புகழ்-கேலிக் கணக்குதான் பிடிக்கவில்லை. இருவரும் குணமானார்களாம். பொய் சொல்லி ஆதாயமில்லாத காலத்திலும் கண்ணால் கண்டவர்கள் அப்படியே சொன்னதாக வரலாற்றாசிரியர் டாசிட்டஸ் எழுதுகிறார். அதை என்னால் தள்ளிவிட முடியவில்லை.

ஆனால் யூதேயாவில் நடந்ததை எந்த அற்புதத்தாலும் சமன் செய்ய முடியாது. அங்கிருந்து உலகை ஆள ஒருவன் எழுவான் என்பது யூதர்களின் நம்பிக்கை. யூதர்களின் கிளர்ச்சியை ஒடுக்க வந்த வெஸ்பாசியனின் படையிடம் 67-இல் சிறைப்பட்ட ஜோசிஃபஸ் என்ற யூதத் தளபதி, நீதான் பேரரசனாவாய் என்று வெஸ்பாசியனிடமே சொன்னான். யூதர்களின் அந்த நம்பிக்கை குறித்தது வெஸ்பாசியனைத்தான் என்று பின்னால் எழுதியும் வைத்தான். ஒரு மக்களின் எதிர்பார்ப்பு அவர்களை ஒடுக்க வந்தவனுக்கே நற்சான்றிதழ் ஆயிற்று. 70-இல் வெஸ்பாசியனின் மகன் டைட்டஸின் படை எருசலேம் கோயிலைக் கொளுத்தியது. அக்கோயிலுக்கு யூதர்கள் ஆண்டுதோறும் செலுத்திவந்த அரை ஷெக்கல் காணிக்கையை, ரோமின் ஜூபிடர் கோயிலுக்கான வரியாக்கினான் வெஸ்பாசியன்.