சலனப்படத்தில் அசைவின்மை

அசைவைக் காட்டுவதற்கென்றே பிறந்த கருவியைக் கொண்டு அசைவின்மையைக் காட்டுவது தகுமோ? அன்பர் ஒருவர் இதனை வீண்வேலை என்றார். நாம் அவ்வாறு கருதவில்லை.

லாரி காட்ஹைம் என்னும் அமெரிக்கர் 1970-இல் 'ஃபாக் லைன்' என்றொரு 11 நிமிடப் படம் எடுத்தார். ஒலியில்லை; கதையில்லை; காமிரா நின்ற இடம் விட்டு நகரவுமில்லை. மூடுபனி சிறிது சிறிதாக விலக, மரங்களும் குறுக்கே செல்லும் கம்பிகளும் புலனாகின்றன. இடையே குதிரைகள் கடந்து போகின்றன; கவனம் சிதறியவர் கண்ணுக்கு அவை தப்பிவிடும். படம் அசையாதிருக்க, நம் உள்ளமோ 'அடுத்தது யாது, அடுத்தது யாது' என்று ஓடுகிறது. மூச்சைக் கவனித்து அமர்வோர்க்கு இவ்வோட்டம் புதிதன்று.

ஆயினும் ஓர் ஐயம் நம்மை விடவில்லை. 1895-இல் லூயி லூமியேர், பிரான்சின் லியோன் நகரில் தம் குடும்பத் தொழிற்சாலையினின்று தொழிலாளர் வெளிவருவதைப் படமாக்கினார். ஒரு நிமிடமும் ஓடாத அப்படம் அவ்வாண்டு டிசம்பர் 28-இல் பாரிசில் கட்டணம் பெற்றுக் காட்டப்பட்டது. அன்றாட வாழ்வை உள்ளவாறு காட்டியது என்று போற்றுவர். கருவியின் பின்னே முதலாளி, முன்னே கூலியாளர்! அக்காட்சி மும்முறை எடுக்கப்பட்டுள்ளது. 'மீண்டும் நடவுங்கள்' எனில் மறுத்துரைக்கும் நிலையில் அவர்கள் இருந்திருப்பரா?

ஆலையில் நாம் உழைத்த காலத்து, அசையாது நிற்பது குற்றம். இழை அறுந்தால் ஓடவேண்டும். மேற்பார்வையாளர் மட்டும் அசையாது நின்று நம்மையே நோக்கிக் கொண்டிருப்பார். அதுவும் அமைதியான, நீண்ட, கவனம் மிக்க பார்வையே. ஆதலின் உற்று நோக்குதலே அறமாகும் என்றுரைக்க நமக்கு நா எழவில்லை. நோக்கப்படுவோர்க்கு அதனால் விளைவது யாது என்றும் கேட்கவேண்டும்.

ஆண்டி வார்ஹால் 1964 முதல் 1966 வரை நியூயார்க்கில் நூற்றுக்கணக்கானோரைக் காமிராவின் முன் ஒவ்வொருவராய் அமர்த்திச் சிறு படங்கள் எடுத்தார். தொடக்கத்தில் வந்தோர்க்கு அசையவும் இமைக்கவும் கூடாதென்பது கட்டளை. வினாடிக்கு 24 படமாக எடுத்ததை 16 ஆகக் குறைத்துக் காட்டினார். ஆதலின் மூச்சும் இமைப்பும் நீண்டு தோன்றும். இதனைப் பொய் என்பாரும் உளர். அதனை நாம் பெரிதாகக் கொள்ளவில்லை. வினாடிக்கு இத்தனை என்று அசையாப் படங்களை ஓட்டுவதுதானே சினிமாவே!

நம் உள்ளத்தைத் தைப்பது வேறு. அவற்றுள் ஒன்றில், இமையாதிருக்கும் ஒரு பெண்ணின் கண்ணிலிருந்து நீர் வழிகிறது. துயரத்தால் அன்று, கட்டளையால். காண்போரோ அதனைத் துயரம் என்றெண்ணி உருகுகின்றனர். அவ்வுருக்கம் கருணையாகுமா? பனியை எத்தனை நாழிகை நோக்கினும் பனிக்கு வலிப்பதில்லை. அப்பெண்ணின் கண் எரிந்திருக்கும்; படச்சுருள் தீருமட்டும் எவரும் காமிராவை நிறுத்தவில்லை.