மெட்டு யாருடைய சொத்து?

உழுபவனுக்கே நிலம் உரியது என்று நாம் சொல்லி வந்திருக்கிறோம். அப்படியாயின் பாட்டு யாருக்கு உரியது? ஆக்கியவனுக்கா, பணம் போட்டுப் பதிவு செய்தவனுக்கா, தம் வாழ்வோடு அதைச் சேர்த்துக்கொண்ட மக்களுக்கா? இதனை வழக்கறிஞரிடம் மட்டும் விட்டுவிட நம்மால் இயலாது. உழைப்பையும் உடைமையையும் பற்றிப் பேசும் எவரும் விடை சொல்லியாக வேண்டிய கேள்வி இது.

தமிழகத்தின் பண்ணைப்புரத்தில் ஒரு குடும்பம் இருந்தது. மூத்தவர் பாவலர் வரதராசன் பொதுவுடைமைக் கட்சியின் மேடைப் பாடகர். தம்பியர் பாஸ்கர், இளையராஜா, கங்கை அமரன் ஆகியோர் அவரோடு சேர்ந்து பாவலர் சகோதரர்களாயினர். 1958 இல் கேரளத்தின் தேவிகுளம் இடைத்தேர்தலில், தேயிலைத் தோட்டத் தமிழ்த் தொழிலாளர் நடுவே வரதராசனின் குரல் ஒலித்தது. மக்கள் கேட்டுப் பழகிய திரைமெட்டுகளுக்குப் புதிய அரசியற் சொற்களை ஏற்றிப் பாடுவது அக்கால மேடைகளின் வழக்கம். அந்த மெட்டுக்கு அன்று எவரும் விலை கேட்கவில்லை.

1976 இல் ‘அன்னக்கிளி’ வெளிவந்தது. இளையராஜாவின் இசை நாட்டார் மெட்டின் மணத்தைத் திரையரங்குக்குக் கொண்டுவந்தது. மேடையை விட்டுச் சந்தைக்குப் போய்விட்டார் என்று நம்மவர் சிலர் வருந்தினர். அவ்வருத்தம் முழுமையானதன்று. வயிற்றுப்பாட்டுக்கு வழி காட்டாத இயக்கம், கலைஞன் வேறு வழி தேடினான் என்று குறைசொல்லல் எங்ஙனம் தகும்?

2017 இல், தம் பாடல்களை இசைவு பெறாது மேடையிற் பாடலாகாது என்று அவர் எஸ். பி. பாலசுப்பிரமணியத்துக்குச் சட்ட அறிவித்தல் அனுப்பினார். அதனைப் பேராசை என்று பலர் இகழ்ந்தனர். நாம் அவ்வாறு விரைந்து தீர்ப்புக் கூறமாட்டோம். ஒருமுறை கூலி கொடுத்துவிட்டு, அவ்வுழைப்பின் பயனைக் காலமெல்லாம் முதலாளி அள்ளும் முறை ஆலையிற் பிழையென்றால், இசைப்பதிவுக் கூடத்திலும் பிழையே. இசையமைப்பாளரும் பாடலாசிரியரும் தம் பங்கை இழந்துவிடாதபடி இந்தியா 2012 இல் சட்டத்தைத் திருத்தியமை இந்த நியாயத்தை ஏற்றுக்கொண்டதன் அடையாளம்.

எனினும் இது பாதி உண்மையே. மறுபாதியை வன்னி மண் நமக்குச் சொல்கிறது. 1990களில், பொருளாதாரத் தடையினால் மின்சாரமும் மின்கலமும் அற்றுப்போன நாட்களில், துவிச்சக்கரவண்டியைக் கவிழ்த்து வைத்துக் கையால் மிதியைச் சுழற்றி, டைனமோவின் மின்னில் வானொலி கேட்டவர்கள் நம் மக்கள். 1977 இன் வன்செயலுக்குப் பின் மலையகத்திலிருந்து கிளிநொச்சிக்கும் வவுனியாவுக்கும் வந்து காடுவெட்டிக் குடியேறியோரும் அவர்களுள் இருந்தனர். தேவிகுளத்துத் தொழிலாளரைப் போலவே கொழுந்து பறித்த கைகள் அவர்களுடையவை. அந்தப் பாட்டுகளுக்கு அவர்கள் காசு கொடுக்கவில்லை. கைநோகச் சுழற்றிய உழைப்பைக் கொடுத்தார்கள். அவர்களைக் கடனாளிகள் என்று சொல்ல நம் மனம் இசையாது.

ஆகவே ஒரு வேறுபாட்டை நாம் வற்புறுத்துகிறோம். பாட்டை விற்று இலாபம் காண்பவன் ஆக்கியவனுக்குப் பங்கு கொடுக்கக் கடமைப்பட்டவன். பாட்டோடு வாழ்பவன் எவருக்கும் வரி கட்டவேண்டியவனல்லன். ஆக்கியவனுக்கும் ஒரு கடன் உண்டு. நாற்று நட்ட பெண்களும் தாலாட்டிய தாய்மாரும் அவனுக்கு முன்பே அந்த மெட்டுகளைக் காத்து வைத்தவர்கள். அவர்களின் பெயர் எந்த ஒலித்தட்டிலும் இல்லை.

தம்பியின் திரைப்பாடல்கள் இன்று வீடுதோறும் ஒலிக்கின்றன. தமையன் தொழிலாளர் முன் பாடியவற்றுக்கு அத்தகைய பேணல் கிட்டவில்லை. சந்தை தனக்கு வேண்டியதைக் காத்துக்கொள்ளும். வேண்டாததை நாமே காக்கவேண்டும். வன்னியின் அருவி வெட்டுப் பாடல்கள், இயந்திரம் வயலில் இறங்கியபின் முதியோரின் நினைவில் மட்டுமே தங்கியிருக்கின்றன. ஆசிரியர்களும் மாணவர்களும் அவர்களிடம் சென்று, பாட்டையும் பாடியவரின் பெயரையும் சேர்த்தே எழுதிவைக்கட்டும். பெயரை விட்டுவிட்டுப் பாட்டை மட்டும் எடுத்து வந்தால், நாம் கண்டிக்கும் அந்த முதலாளியின் செயலையே நாமும் செய்தவராவோம்.