வண்டி நின்றபின் நடப்பவர்கள்

ஒரு நகரம் தன் மக்களுக்கு அளித்த வண்டியை எப்போது நிறுத்தலாம்? கணக்கேட்டைக் கையில் வைத்திருப்பவருக்கு விடை எளிது: வரவை மிஞ்சிச் செலவு வளரும்போது. சென்னையின் டிராம் வண்டிகள் 1953 ஏப்ரல் 12-ஆம் நாள் நின்றதும் இந்த விடையின்படியே. அது போதுமான விடைதானா என்பதை நாம் சற்று எண்ணிப் பார்க்க வேண்டும்.

மின்சார டிராம் சென்னைக்கு வந்தது 1895 மே 7-ஆம் நாள். இந்திய நகரங்களுள் சென்னையே முதலாவது. கல்கத்தாவுக்கு 1902-இலும் பம்பாய்க்கு 1907-இலும்தான் அது கிடைத்தது. தொடக்கத்தில் தரைக்கடியில் அமைத்த கால்வாய் வழியே மின்சாரம் வந்தது. நம் ஊர் மழைக்கு அது ஈடுகொடுக்கவில்லை. பிறகே தலைக்கு மேல் கம்பிகள் ஓடின. துறைமுகம், பாரிமுனை, மவுண்ட் ரோடு, பூந்தமல்லி நெடுஞ்சாலை எனத் தண்டவாளங்கள் விரிந்து, 1921-இல் ஏறத்தாழ 24 கிலோமீட்டரில் 97 வண்டிகள் ஓடின. பின்னர் பேருந்துகள் பெருகின. தண்டவாளத்தை விட்டு விலகத் தெரியாத வண்டி, சாலையுள்ள இடமெல்லாம் செல்லும் வண்டியோடு போட்டியிட இயலவில்லை. நிறுவனம் நொடித்தது.

நொடித்துப்போன நிறுவனத்தை நோக்கி, "நீ அறச்சாலை நடத்தியிருக்க வேண்டும்" என்று சொல்ல நமக்கு உரிமையில்லை. அங்கே கொடியவர் எவரையும் தேடவும் வேண்டியதில்லை. ஆனால் இன்றும் ஒரு பேருந்துத் தடத்தை நிறுத்தும்போது சொல்லப்படும் ஒரு வாக்கியத்தை மட்டும் உற்று நோக்குவோம்: "பயணிகள் குறைந்துவிட்டனர்."

குறைந்தவர் யார்? சைக்கிள் வாங்க முடிந்தவர், பின்னர் ஸ்கூட்டர் வாங்கியவர், ஆட்டோவுக்குக் கொடுக்கப் பணமுள்ளவர். எஞ்சியிருப்பவர் யார்? மீன்கூடையோடு நிற்கும் பெண், அரசு மருத்துவமனைக்கு மாதந்தோறும் மாத்திரை வாங்கச் செல்லும் முதியவர், கடைசி வண்டியை நம்பி இரவுப்பணி முடிக்கும் துப்புரவுத் தொழிலாளி. தலைகளின் எண்ணிக்கை குறையக் குறைய, எஞ்சிய ஒவ்வொருவரின் தேவையும் கூடுகிறது. பயணச்சீட்டுக் கணக்கு முதலாவதைக் காட்டும். இரண்டாவதைக் காட்ட அதற்கு வழியில்லை.

காணாமற்போன ஆட்டின் உவமை உடனே நம் நினைவுக்கு வரும். தொண்ணூற்றொன்பதை விட்டு ஒன்றைத் தேடிச் சென்ற ஆயன், எந்தப் போக்குவரத்துக் கழகத்திலும் மேலாளராக நீடித்திருக்கமாட்டான். எனினும் தொண்ணூற்றொன்பதுக்கும் பசி உண்டு என்பதைச் சில மறையுரைகள் எளிதாகத் தாண்டிப்போகின்றன. ஆளின்றி ஓடும் வண்டியின் டீசலும் ஓட்டுநரும், படிக்கட்டில் மாணவர் தொங்கும் மற்றொரு தடத்திற்குத் தேவைப்படலாம். ஆகவே ஒரு தடத்தை நிறுத்துவதே அநீதி என்று நாம் சொல்லவில்லை. நட்டம் முழுவதையும் அந்தச் சிலரின் கால்களின்மேல் ஏற்றிவிட்டு, நகரம் தன் கணக்கை நேர்செய்துகொள்வதே அநீதி. சிறிய வண்டியாயினும், நாளுக்கு இருமுறையாயினும், மாற்றுவழி ஒன்றைக் காட்டிய பிறகே நிறுத்தும் உரிமை பிறக்கிறது.

கட்டணப்பெட்டி மட்டுமே அளவுகோல் அன்று என்பதை நம் மாநிலமே ஒருவகையில் ஏற்றுக்கொண்டிருக்கிறது. 2021 மே மாதம் சாதாரண நகரப் பேருந்துகளில் மகளிருக்குக் கட்டணமில்லாப் பயணம் தொடங்கியபோது, அதன் செலவை அரசு போக்குவரத்துக் கழகங்களுக்கு ஈடுசெய்ய முன்வந்தது. திருத்தந்தை பிரான்சிசும் 'இறைவா உமக்கே புகழ்' என்னும் 2015-ஆம் ஆண்டுத் திருமடலில், நகரவாழ்வின் தரத்தைப் பொதுப் போக்குவரத்தோடு இணைத்தே பேசுகிறார். ஆயினும் வராத பேருந்தில் கட்டணமில்லை என்பதால் எவருக்கு என்ன பயன்?

எனவே ஒரு தடத்தை நிறுத்தும் கோப்பில் மற்றொரு தாளும் இருக்கட்டும்: நாளை இந்த வண்டி வராவிட்டால் நடக்கப்போகிறவர் யார், எவ்வளவு தொலைவு, எதைச் சுமந்துகொண்டு? அதிகாரிகளுக்கு இதைக் கண்டறிதல் கடினமாயிருக்கலாம். நம் பங்குகளின் அன்பியங்களுக்குக் கடினமன்று. அத்தெருக்களின் வீடுகளுக்கு அவை வாரந்தோறும் சென்று வருகின்றன.