கட்டியவரும் கூடிய எலும்பும்

முறிந்த எலும்பு குணமாவதைத் தமிழ் இரண்டு வினைகளால் சொல்கிறது. மருத்துவர் எலும்பைக் ‘கட்டினார்’ என்பது ஒன்று. எலும்பு ‘கூடியது’ என்பது மற்றொன்று. செயப்படுபொருளையே வினை செய்ததுபோலக் கூறும் வழக்கைத் தொல்காப்பியம் ஏற்கிறது. உரையாசிரியர்கள் அதற்குக் காட்டும் ‘திண்ணை மெழுகிற்று’ என்னும் தொடரில் திண்ணை தன்னைத் தானே மெழுகிக்கொள்ளவில்லை என்பதும், மெழுகியவர் சொல்லுக்குப் பின்னால் மறைந்து நிற்கிறார் என்பதும் எவருக்கும் விளங்கும். ‘எலும்பு கூடியது’ என்பதும் அத்தகைய வழக்குத்தானா, அல்லது அங்கே எலும்பு மெய்யாகவே கருத்தாவா என்பது இலக்கணத்தில் தொடங்கினாலும் இலக்கணத்தில் முடியாத வினா.

காரணத்தை மூன்றாகப் பகுத்த சைவ சித்தாந்தம் இவ்வினாவுக்கு ஒரு கருவியைத் தருகிறது. குடத்துக்கு மண் முதற்காரணம், அதாவது குடமாகவே மாறும் பொருள். திகிரியும் கோலும் துணைக்காரணம், அதாவது ஆக்கத்துக்கு உதவி விலகுபவை. குயவன் நிமித்த காரணம், அதாவது அறிந்து செய்பவன். இந்தப் பகுப்பின்படி எலும்பு முதற்காரணம் என்பதில் ஐயமில்லை. மூங்கில் பத்தையும் முட்டை வெள்ளைக்கருவும் சேர்ந்த புத்தூர்க் கட்டு, டச்சு இராணுவ மருத்துவர் மத்தெய்சன் 1852இல் வெளியிட்ட மாவுக்கட்டு, ஜெர்மானிய அறுவை மருத்துவர் கூன்ட்ஷர் 1939இல் தொடை எலும்பின் உட்குழலுக்குள் செலுத்திய உலோகத் தண்டு ஆகிய யாவும் துணைக்காரண வரிசையில் அமையும். மருத்துவரைக் குயவன் இடத்தில் வைக்கும்போதுதான் உவமை இடறுகிறது, ஏனெனில் மண் ஒருபோதும் தானாகக் குடமாவதில்லை. எலும்போ தானாகக் கூடுகிறது. காட்டில் இறந்த குரங்குகளின் எலும்புக்கூடுகளில், எவரும் கட்டாமலே கூடிய முறிவுகள் காணப்படுகின்றன.

கூடும் முறையும் இதையே காட்டுகிறது. முறிந்த இடத்தில் உறைந்த குருதிக்குள் முதலில் மென்மையான இழையமும், பின்பு குருத்தெலும்பும், இறுதியில் எலும்பும் உருவாகின்றன. இந்த வரிசைக்கு ஒரு காரணம் உண்டு: முறிவின் இடைவெளி தன் அகலத்தில் ஏறத்தாழ 2 விழுக்காட்டுக்கு மேல் அசைந்தால் அங்கே எலும்பிழையம் நிலைக்காது, குருத்தெலும்பு 10 விழுக்காடு வரை தாங்கும், தொடக்கத்தில் தோன்றும் மென்மையான இழையமோ அதைவிடப் பன்மடங்கு இழுபடும் என்பது ஸ்விட்சர்லாந்தைச் சேர்ந்த எலும்பு முறிவு ஆய்வாளர் பெரன் வகுத்த கோட்பாடு. ஆகவே மென்மையானது சற்று இறுக்க, அந்த இறுக்கத்தில் அடுத்தது பிறக்க, முறிவைச் சுற்றிக் ‘காலஸ்’ எனப்படும் புது எலும்புத் திரட்சி எழுந்து பத்தையின் வேலையைத் தானே செய்கிறது. முதற்காரணமே தனக்கு வேண்டிய துணைக்காரணத்தையும் ஆக்கிக்கொள்கிறது.

அப்படியானால் மருத்துவருக்கு எஞ்சுவது என்ன? நேர்மை என்பதே விடை. அச்சொல்லின் பழைய பொருளில், கோணாமை. தனித்து விடப்பட்ட உடல், முனைகள் ஒன்றன்மேல் ஒன்று ஏறியிருந்தாலும், பாதம் வெளிநோக்கித் திரும்பியிருந்தாலும், அந்த நிலையிலேயே உறுதியாகக் கூட்டிவிடும். கூட்டுவதை அறிந்த அது, எங்கே கூட்ட வேண்டும் என்பதை அறியாது. குழந்தைகளின் எலும்பு வளர்ச்சியின் போக்கில் வளைவை ஓரளவு திருத்திக்கொள்கிறதே எனலாம். ஆனால் எலும்பு தன் அச்சில் முறுக்கிக் கூடியிருந்தால் அங்கும் அது பெரும்பாலும் திருந்துவதில்லை. பண்டைய ஆயுர்வேத நூலான சுசுருத சங்கிதை இழுத்தல், அழுத்துதல், கட்டுதல் என்று முறைகளை வகுத்ததோடு நிற்காமல், கோணலாகக் கூடிய எலும்பை மீண்டும் முறித்து நேராக்கவும் சொல்கிறது. இயற்கை முடித்துவிட்ட ஒன்றை மனிதர் கலைத்துத் திருப்பிச் செய்யலாம் என்னும் இந்தத் துணிவு, மருத்துவர் வெறும் துணைக்காரணம் அல்லர் என்பதற்குப் போதிய சான்று.

பதினாறாம் நூற்றாண்டுப் பிரெஞ்சு அறுவை மருத்துவர் அம்புருவாஸ் பாரே, காயத்துக்குக் கட்டுப்போட்டது தாம் என்றும் குணமாக்கியது இறைவன் என்றும் கூறியதாகப் புகழ்பெற்றவர். 1561இல் தம் காலையே முறித்துக்கொண்டு நோயாளியாகவும் படுத்தவர். அவர் பணிவு உயர்ந்ததே, ஆயினும் அந்தப் பங்கீட்டில் ஒரு கணக்கு விடுபட்டுள்ளது. கூடியதன் புகழ் இறைவனுக்கு அல்லது இயற்கைக்கு உரியதென்றால், கோணியதன் பழி யாருக்கு? ஒரே ஞாயிற்றின் முன் ஒரு தாமரை மலர, ஒன்று முகையாய் நிற்க, ஒன்று உதிர்வதில் ஞாயிற்றுக்குப் பழியில்லை, வேறுபாடு மலரின் பக்குவத்தில் உள்ளது என்று சித்தாந்திகள் சொல்வர். குருதியோட்டம் குறைந்த கீழ்க்கால் எலும்பின் அடிப்பகுதியிலும், புகைப்பழக்கம் உள்ளவரிடத்தும் முறிவு கூடாமல் நின்றுவிடும்போது இவ்வுவமை மருத்துவருக்குப் பொருந்தும்; பக்குவம் அவர் கையில் இல்லை. கோணல் அப்படியன்று. ஞாயிறு குறிதவறுவதில்லை, கை தவறும்.

கை மிகுதியாகச் செய்துவிடுவதும் தவறே. பெல்ஜிய மருத்துவர் டானிஸ் 1949இல் வெளியிட்ட நூலும், 1958இல் ஸ்விட்சர்லாந்தில் தொடங்கிய, ‘ஏ.ஓ.’ எனப்படும் அறுவை மருத்துவர் குழுவும் அசைவே இல்லாத இறுக்கத்தை இலக்காக வைத்தன. காலஸ் தோன்றினால் அது கட்டின் குறை என்று கருதும் வழக்கமும் வந்தது. ஆனால் அதற்காக எலும்பின்மேல் இறுக்கிப் பொருத்திய உலோகத் தகடு சுமையைத் தானே தாங்கிக்கொள்ள, அடியில் உள்ள எலும்பு மெலிவதும், அதைப் பொருத்தும்பொருட்டு விரித்த அறுவையால் குருதியோட்டம் கெடுவதும் தெரியவந்தபின், சிறிது அசைவை விட்டுவைக்கும் முறைகள் மீண்டன. எவ்வளவு செய்வது என்பதைவிட எதைச் செய்யாமல் விடுவது என்பதே இன்றைய பயிற்சியின் கடினமான பாடம்.

உலோகத்தின் நிலை இன்னும் விசித்திரமானது. எலும்பு கூடாவிட்டால், எத்துணை வலிய தகடும் ஒவ்வோர் அடிவைப்பிலும் வளைந்து சலித்து ஒருநாள் முறியும். கூடிவிட்டாலோ அதற்கு வேலையில்லை. திகிரி குடத்துக்குள் தங்குவதில்லை, ஆனால் தண்டு பலர் எலும்புக்குள் ஆயுள் முழுதும் தங்கிவிடுகிறது. சிதையின் தீ ஆறியபின் அஸ்தி பொறுக்கும்போது, வெந்து நொறுங்கிய எலும்புகளுக்கிடையே அது கறுத்து, முழுதாய்க் கிடக்கிறது. அதையும் எடுத்துக் கலயத்தில் இடுவதா, சாம்பலோடு விட்டுவிடுவதா என்று பொறுக்குபவரின் கை சற்றுத் தயங்குகிறது.