தச்சரின் மகனும் சேலை கட்டிய மாதாவும்



இன்றைய நற்செய்தியில், மாற்கு 6-ஆம் அதிகாரத்தில், நாசரேத்து ஊரார் இயேசுவை ஏற்க மறுக்கிறார்கள். காரணத்தைக் கவனியுங்கள். அவர் போதனையில் அவர்கள் குறை காணவில்லை. கேட்டு வியக்கத்தான் செய்கிறார்கள். ஆனால் இவர் நம்ம மரியாள் மகன், மரவேலை செய்தவர், இவர் குடும்பம் முழுக்க நமக்குத் தெரியும். அதுதான் இடறல்.

இதே இடறலில் அடிபட்ட ஒருவர் நம் புனேயில் வாழ்ந்தார். ஓவியர் ஆஞ்சலோ தா ஃபோன்சேகா. 1902-இல் கோவாவில் பிறந்த கத்தோலிக்கர். பம்பாயில் மருத்துவம் படிக்கப் போனவர், அதை விட்டுவிட்டு ஓவியத்துக்கு வந்தார். அவனீந்திரநாத் தாகூரும் நந்தலால் போஸும் அவருடைய குருக்கள். ஊர் திரும்பியவர் மாதாவை நம் நாட்டுப் பெண்ணாக வரைந்தார். மாநிறம், தலையில் சேலை முக்காடு, வெறுங்கால். ஐரோப்பிய முகமுள்ள சுரூபங்களையே பார்த்து வளர்ந்த கோவா மக்களுக்கு அது பொறுக்கவில்லை. பக்கத்து வீட்டுப் பெண்ணைப் பீடத்தில் ஏற்றிவிட்டாரே என்று பட்டிருக்கும். எதிர்ப்பு வலுக்கவே புனேக்கு வந்துவிட்டார். சிவாஜி நகரில் ஜாக் வின்ஸ்லோ என்ற ஆங்கிலிக்கன் குரு நிறுவிய கிறிஸ்த பிரேம சேவா ஆசிரமம் அவருக்கு இடம் கொடுத்தது. கத்தோலிக்க ஓவியருக்கு அடைக்கலம் ஆங்கிலிக்கன் ஆசிரமத்தில்! நாம் கொஞ்சம் வெட்கப்படலாம்.

பின்னாளில் அவர் மனைவி ஐவியின் முகமே பல படங்களில் மாதாவின் முகமாயிற்று. நாசரேத்து மரியாளும் தண்ணீர் சுமந்து, மாவு பிசைந்து வாழ்ந்த பெண்தானே?

இன்னொரு ஓவியரோடு இவரை ஒப்பிட்டுப் பாருங்கள். 1956-இல் லண்டனில் ரிச்சர்ட் ஹாமில்டன் என்பவர், பத்திரிகைகளில் வந்த வாக்குவம் கிளீனர், டின் இறைச்சிப் படங்களை வெட்டி ஒட்டி ஒரு படம் செய்தார். பாப் கலை என்று உலகம் அதைக் கொண்டாடியது. வீட்டுச் சாமானைக் கலைக்கூடத்துக்குள் கொண்டுபோனவருக்குப் புகழ். வீட்டுப் பெண்ணை மாதாவின் படத்துக்குள் கொண்டுவந்தவருக்கு வசவு.

1963-இல்தான் இரண்டாம் வத்திக்கான் சங்கம், திருச்சபை எந்த ஒரு கலைப்பாணியையும் தனக்கு மட்டுமே உரியதாகக் கொண்டதில்லை என்று எழுதியது. நான்கு ஆண்டுகளில், 1967-இல், ஃபோன்சேகா இறந்தார். அவர் படங்கள் பல இன்று கோவாவில், போர்வோரிமில் உள்ள சவேரியார் வரலாற்று ஆய்வு மையத்தில் இருக்கின்றன. ஆம், அதே கோவாவில்.

தமிழர்களான நமக்கு இந்தச் சிக்கலே இல்லை என்று நினைக்காதீர்கள். வேளாங்கண்ணி மாதாவுக்கு நேர்ந்துகொண்டு சேலை சாத்துகிறோம். கோணான்குப்பத்தில் வீரமாமுனிவர் கோவில் எழுப்பிய பெரியநாயகி மாதாவும் சேலை உடுத்தியவரே. சேலை சரி. முகம்? அது மட்டும் வெள்ளையாகவே இருக்கவேண்டும் நமக்கு. கறுத்த பிள்ளையைக் கிறிஸ்துமஸ் நாடகத்தில் மாதாவாக நிறுத்த எத்தனை பங்குகளில் மனசு வருகிறது? அவளை ஆடு மேய்க்கும் கூட்டத்தில் கடைசி வரிசையில் நிறுத்துகிறோம். அந்தப் பிள்ளை எதுவும் கேட்பதில்லை, ஆனால் புரிந்துகொள்கிறாள்.

எனவே மறைக்கல்வி ஆசிரியர்களே, பெற்றோரே, வரும் டிசம்பரில் குடில் நாடகத்துக்குப் பிள்ளைகளைத் தேர்ந்தெடுக்கும்போது நிறம் பார்க்காதீர்கள். பவுடர் டப்பாவை வீட்டிலேயே வைத்துவிட்டு வாருங்கள்.